தொழில்: வள்ளம் ஓட்டுதல்

இருளப்பனை முதல் இரண்டு வருடமும் நான் ஒரு குடிகாரன் என்றே நினைத்திருந்தேன். இப்போது அதை எழுத வெட்கமாக இருக்கிறது. ஆனால் பின்னேரம் ஐந்து மணிக்கு வேலை முடிந்து வரும்போது அவன் கண்களைப் பார்த்திருந்தால் நீங்களும் அப்படித்தான் நினைத்திருப்பீர்கள். இரண்டும் இரத்தச் சிவப்பு. தலையை ஒரு பக்கம் சாய்த்துக்கொண்டு நடப்பான். பின்னால் நின்று கூப்பிட்டால் திரும்பமாட்டான். எனக்கோ கோபம் மூக்கு நுனியில். கூப்பிட்ட குரலுக்குத் திரும்பாத மனுசரைக் கண்டால் அது இன்னும் கொஞ்சம் இறங்கி வாய்க்கே வந்துவிடும்.

என் பெயர் ஐறீன். கொட்டாஞ்சேனையில் ஓர் ஒழுங்கைக்குள் எனக்கு ஒரு பழைய வீடு. என் கணவர் துறைமுகத்தில் கிளார்க்காக இருந்து காலமானவர். நான் புதுக்கடையில் ஒரு சட்டத்தரணியின் கந்தோரில் டைப்பிஸ்ட். வீட்டின் பின் அறையையும் அதோடு ஒட்டிய சின்னக் குசினியையும் எண்பத்தொன்பதாம் ஆண்டு இருளப்பனுக்கும் அவன் மனைவி ஆறாயிக்கும் வாடகைக்குக் கொடுத்தேன். இரண்டு பேரும் காவத்தைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர்கள். தொழில் என்ன என்று நான் கேட்டபோது ஆறாயிதான் முந்திக்கொண்டாள்.

"களனி ஆத்துல மணல் வள்ளம் ஓட்டுறாருங்க மிஸ்."

இருளப்பன் தலையை ஆட்டினான். நானும் நம்பிவிட்டேன்.

பிறகுதான் இந்தச் சிவந்த கண் விவகாரம். ஒரு நாள் பொறுக்கமுடியாமல் முற்றத்தில் மறித்துப் பிடித்தேன்.

"இருளப்பன், இஞ்ச வாரும். எவ்வளவு காலமாக் குடிக்கிறீர்?"

அவன் திடுக்கிட்டுக் குசினிப் பக்கம் பார்த்தான். அங்கே ஆறாயி தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள்.

"கொஞ்ச நாளாத்தான் மிஸ்."

"விடுவீரோ, மாட்டீரோ?"

"விட்டுர்றேன் மிஸ்."

சொன்னால் போதுமா? வந்த செவ்வாய்க்கிழமையே அவனைக் கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலுக்கு இழுத்துக்கொண்டு போய் மெழுகுதிரி கொளுத்த வைத்தேன். அவனும் பயபக்தியோடு கொளுத்தினான். பக்கத்தில் நின்ற ஆறாயி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு தோள் குலுங்க நின்றாள். பாவம், புருசனை நினைத்து அழுகிறாள் என்று நான் அவள் முதுகைத் தடவிவிட்டேன். வாழ்நாளில் ஒரு சொட்டுக் கள்ளுக்கூடக் குடித்தறியாத மனுசன் அன்று குடியை விட்டான். அதற்குப் பிறகும் கண் சிவந்துதான் இருந்தது, ஆற்று வெயில் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

அவன் கதை எனக்குத் துண்டு துண்டாகத்தான் தெரியவந்தது. சிலதை அவனே சொன்னான், சிலதை அவள். எல்லாவற்றையும் சேர்த்து இங்கே ஒழுங்காகச் சொல்லிவிடுகிறேன்.

பதினேழு வயதில் தோட்டத்து வேலைக்குப் பேர் பதியாமல் இருளப்பன் மாணிக்கக் குழிக்குப் போனான். இரத்தினபுரிப் பக்கத்தில் எந்த வயலைத் தோண்டினாலும் கல் கிடைக்கும் என்பார்கள். கிடைக்கும்தான், யாருக்கு என்பதுதான் கேள்வி. நிலக்காரனுக்கு ஒரு பங்கு, தண்ணீர் இறைக்கும் மெசினுக்காரனுக்கு ஒரு பங்கு, செலவு போட்டவனுக்கு ஒரு பங்கு. குழிக்குள் இறங்குகிறவனுக்கு மூன்று வேளைச் சோறும், கல் கிடைத்தால் மிச்சத்தில் ஒரு துளியும். கல் கிடைக்காவிட்டால் சோறு மட்டும். அது அனுமதி இல்லாமல் தோண்டிய குழி என்பதால் பலகை அடிப்பதற்குக்கூட நேரம் கொடுக்கமாட்டார்கள். நாலு மரத்தைக் குறுக்கே கொடுத்து, இடைவெளியில் காட்டுச் செடியை அடைத்துவிட்டு, "இறங்கு" என்பார்களாம். கீழே மெழுகுதிரி வெளிச்சத்தில், இடுப்பளவு சேற்றில் நின்று சரளை மண்ணைக் கூடையில் அள்ளி மேலே அனுப்ப வேண்டும். மெழுகுதிரி மங்கினால் காற்று முடிந்துவிட்டது என்று அர்த்தம்.

"மங்கினா என்ன செய்வீங்கள்?" என்று நான் ஒரு தடவை கேட்டேன்.

"மொதல்ல பாடுறத நிப்பாட்டுவோம் மிஸ்," என்றான்.

அவனோடு ஒரே குழியில் இறங்கியவன் ஆறாயியின் அண்ணன் சின்னராசா. ஒரு மழைக்காலத்தில் குழியின் ஒரு பக்கம் அப்படியே சரிந்து சின்னராசாவை மூடியது. இருளப்பன் வெறும் கையால் தோண்டினான். மெசினுக்காரன் மெசினைக் கழற்றிக்கொண்டு ஓடிவிட்டான். சின்னராசா உயிரோடு வெளியே வரவில்லை. அதற்குப் பிறகுதான் ஆறாயியைக் கட்டிக்கொள்ளக் கேட்டு இருளப்பன் தோட்டத்தில் அவர்கள் லயத்து வீட்டு வாசலில் போய் நின்றான். அவள் ஒரே ஒரு நிபந்தனை வைத்தாள். அவன் கையை எடுத்துத் தன் தலைமேல் வைத்து, "இனிமே மண்ணுக்குக் கீழ போக மாட்டேன்னு சொல்லுங்க" என்றாள். அவனும் சொன்னான். அதன்பின் அந்தக் காட்டில் வேறு வேலை ஏது? கொழும்புக்கு வந்தார்கள்.

கொழும்பில் அப்போது நம் ஆட்களுக்கு வேலை கிடைப்பது லேசா? அடையாள அட்டையில் தோட்டத்து விலாசத்தைக் கண்டதும் கடைக்காரர்கள் "பிறகு வா" என்பார்கள். புறக்கோட்டையில் மூட்டை தூக்கிப் பார்த்தான், குண்டு வெடித்ததும் தெருவை மூடிவிட்டார்கள். கடைசியில் களனி ஆற்றங்கரையில் பலீல் என்பவரைச் சந்தித்தான். பலீல் நானாவிடம் ஒரு பழைய மணல் வள்ளம் இருந்தது, முங்குவதற்கு ஆள் இல்லை.

மணல் எடுப்பது எப்படி என்று உங்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். எனக்கும் தெரியாது. வள்ளத்தை நடு ஆற்றில் நிறுத்தி, நீளமான ஒரு மூங்கிலை அடியில் ஊன்றுவார்கள். முங்குகிறவன் கயிறு கட்டிய வாளியோடு அந்த மூங்கிலைப் பிடித்துக்கொண்டு இருபது அடி, இருபத்தைந்து அடி கீழே போவான். கண் தெரியாது. கையால் துழாவி மணலை வாளிக்குள் தள்ளுவான். நிரம்பியதும் மூங்கிலில் ஒரு தட்டு. மேலே நிற்பவர் வாளியை இழுப்பார். இரண்டு தட்டினால், பொறு. மூன்று தட்டினால், ஆபத்து, மூங்கிலோடு சேர்த்து என்னையும் தூக்கு. மணல் அள்ளி அள்ளி ஆற்றின் அடியில் பள்ளங்கள் விழுந்திருக்கும். அதன் விளிம்பு சரிந்தால் காலைப் பிடித்துக்கொள்ளும். ஒரு நாளைக்கு எழுபது எண்பது தரம் முங்கவேண்டும். கண் சிவக்கும். காதுக்குள் தேங்காய் எண்ணெய் விட்டுப் பஞ்சு அடைத்தாலும் சில நாள் இரத்தம் வரும். இரண்டு வருடத்தில் அவனுக்கு இடது காது முழுதாக அடைத்துப்போனது. நான் மரியாதை தெரியாதவன் என்று திட்டியதெல்லாம் அந்தக் காதுக்கே போய்ச் சேரவில்லை.

ஆறாயியிடம் இதைச் சொல்ல அவனுக்குத் துணிவு வரவில்லை. வள்ளம் ஓட்டுகிறேன் என்றான். மனச்சாட்சிக்கு அவன் வைத்திருந்த நியாயத்தைக் கேளுங்கள்: "மண்ணுக்குக் கீழ போக மாட்டேன்னுதான் சத்தியம் பண்ணினேன் மிஸ். ஆத்துக்கடியில நான் மண்ணுக்கு மேலதான நிக்கிறேன்?" எங்கள் சட்டத்தரணிகூட இப்படி ஒரு வாதத்தை எடுத்து வைத்திருக்கமாட்டார்.

சரி, விசயத்துக்கு வருகிறேன்.

தொண்ணூற்றேழாம் ஆண்டு. கொழும்பில் எங்கே பார்த்தாலும் மணல்மூட்டையும் துவக்கும்தான். வீட்டில் யார் யார் இருக்கிறார்கள், என்ன தொழில், எந்த ஊர் என்று வீட்டுக்காரர் படிவம் நிரப்பிப் பொலிசில் பதியவேண்டும். நான் டைப்பிஸ்ட் ஆச்சே, மூன்று மொழியிலும் அச்சுக் குத்தினாற்போல் நிரப்பிக் கொடுத்தேன். பெயர்: இருளப்பன். தொழில்: வள்ளம் ஓட்டுதல். அடியில் என் கையெழுத்து.

மாசி மாதம் ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் பலீல் நானா ஜும்மாவுக்குப் போய்விட்டார். இருளப்பன் தனியாக வள்ளத்தில் இருந்து சோறு தின்றுகொண்டிருந்தபோது வாளி நழுவி ஆற்றில் விழுந்துவிட்டது. ஒரு வாளிதானே என்று அவன் விட்டிருக்கலாம். விடவில்லை, முங்கினான். நீரோட்டம் வாளியைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பாலத்தடிக்கு உருட்டிக்கொண்டு போயிருக்கிறது. அவனும் அதன் பின்னால் போய், பாலத்துத் தூணுக்குப் பக்கத்தில் தலையைத் தூக்கி மூச்சு வாங்கிவிட்டு மறுபடி முங்கினான். பாலத்தில் நின்ற பழைய காவல்காரர்களுக்கு மணல்காரர்களைத் தெரியும். அன்று காலைதான் புது ஆட்கள் மாறி வந்திருந்தார்கள். பாலத்துத் தூணடியில் ஒரு தலை தெரிகிறது, மறைகிறது, இரண்டு நிமிடம் கழித்து வேறு இடத்தில் தெரிகிறது. காவலுக்கு நின்ற ஒரு சின்னப் பெடியன் பயந்துபோய் விசில் ஊதினான். வாளியைக் கையில் பிடித்துக்கொண்டு சந்தோசமாக மேலே வந்த இருளப்பனுக்கு முன்னால் நாலு துவக்கு நீட்டியபடி நின்றது.

பொலிஸ் ஸ்டேசனுக்கு ஆறாயியைக் கூட்டிக்கொண்டு நான்தான் போனேன். பொறுப்பதிகாரி கறுப்புக் கண்ணாடியும் தடிமன் பிடித்த மூக்குமாக இருந்தார். நான் சிங்களத்தில் மரியாதையாக விசயத்தைக் கேட்டேன். அவர் தும்மிவிட்டு, நான் நிரப்பிய படிவத்தையே எடுத்து மேசையில் போட்டார்.

"நோனா, இதிலே வள்ளம் ஓட்டுகிறவன் என்று எழுதியிருக்கிறீர்கள். அவனும் அதைத்தான் சொல்லுகிறான். முங்கவே தெரியாது என்கிறான். என்னுடைய ஆட்கள் நாலு பேர் அவன் பாலத்தடியில் முங்கியதைப் பார்த்திருக்கிறார்கள். வள்ளம் ஓட்டுகிறவனுக்குப் பாலத்தடியில், தண்ணீருக்குக் கீழே, குண்டு வைப்பதைத் தவிர என்ன வேலை?"

நான் படிவத்தைத் திருப்பி என் கையெழுத்தையே பார்த்தேன். அதில் ஓர் எழுத்துக்கூடப் பிசகியிருக்கவில்லை.

திங்கட்கிழமை பின்னேரத்துக்குள் பதில் இல்லாவிட்டால் மேலே அனுப்பிவிடுவேன் என்றார். அந்த நாட்களில் மேலே அனுப்பினால் ஆள் எப்போது திரும்பும், திரும்புமா என்று யாருக்குமே தெரியாது. ஆறாயி சிங்களம் விளங்காத மாதிரி நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அவள் விரல்கள் மட்டும் முந்தானையை முறுக்கிக்கொண்டே இருந்தன.

வெளியே மரத்தடியில் பலீல் நானா குந்திக்கொண்டிருந்தார். அவர் முழிக்கிற முழியைப் பார்த்ததுமே எனக்கு விளங்கிவிட்டது, இந்த மனுசனுக்கு ஏதோ தெரியும். ஆறாயியைப் பிளேன்டீ குடிக்கக் கடைக்கு அனுப்பிவிட்டு அவரைப் பிடித்தேன்.

"நானா, உண்மையச் சொல்லும். இல்லாட்டி நான் உள்ளுக்குப் போய் உம்மையும் சேர்த்துப் பிடிச்சுக் குடுப்பன்."

"அல்லாவே! மிஸ், அவன் ஏன்ட கையப் புடிச்சிக் கெஞ்சின, சொல்ல வாணாம் எண்டு. அவன் வள்ளக்காரன் இல்ல மிஸ். எட்டு வருசமா மணலுக்கு முங்குற ஆள். பொஞ்சாதிக்குத் தெரியா."

எட்டு வருடம்! என் வீட்டுக்குள் இருந்துகொண்டு! மெழுகுதிரி கொளுத்திக் குடியை வேறு விட்டானே! எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்த கையோடு தனியாக ஸ்டேசனுக்குப் போனேன். கம்பிக்குப் பின்னால் இருளப்பன் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு குந்தியிருந்தான்.

"உமக்கு விசரோ? முங்குற ஆள் எண்டு ஒரு சொல் சொன்னால் விட்டிருவாங்கள். ஏன் இல்லை எண்டு சாதிக்கிறீர்?"

"கொஞ்சம் மெதுவாப் பேசுங்க மிஸ். ஆறாயி வந்துருக்காளா?"

"இல்லை."

"நான் முங்குறேன்னு எழுதிட்டா அவளுக்குத் தெரிஞ்சிரும். அவ தல மேல கை வச்சிச் சத்தியம் பண்ணவன் மிஸ் நானு."

"மேல அனுப்பினாங்கள் எண்டால் என்ன நடக்கும் எண்டு தெரியுமோ?"

"தெரியும் மிஸ். ஆனா அதெல்லாம் என்னைக்காச்சும் ஆறிரும். ஆறாயி என்கூடப் பேசாம இருந்தா நான் என்ன பண்ணுவேன்?"

இப்படி ஒரு முட்டாளை நான் கண்டதே இல்லை. அதே நேரம் என் கண்ணும் கலங்கிவிட்டது. என் கணவர் என்னைக் கண்டு பயப்பட்டதெல்லாம் வேறு வகை.

அவனைக் கேளாமலே நான் பொறுப்பதிகாரியின் அறைக்குள் போய் எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் மூக்கைத் துடைத்துக்கொண்டு கேட்டார். நம்பவில்லை.

"வெள்ளிக்கிழமை வள்ளக்காரன். ஞாயிற்றுக்கிழமை முங்குகிறவன். செவ்வாய்க்கிழமை என்னவாக மாறுவான், நோனா? இரண்டு நிமிடம் ஒருவன் சும்மா மூச்சைப் பிடித்துக்கொண்டு வேலை செய்வான் என்றால் நான் என் கண்ணால் பார்க்கவேண்டும். நாளைக்குக் காலை ஆற்றுக்குக் கொண்டு வருகிறேன். என் முன்னால் முங்கி, மணலோடு வரட்டும். வந்தால் போகலாம்."

அதற்கு மேல் எனக்கு ஒரே வேலைதான் மிச்சம், ஆறாயியை ஆற்றுப் பக்கம் வரவிடாமல் பண்ணுவது. திங்கள் விடிந்ததும் அவளிடம் ஐந்து மெழுகுதிரியைக் கொடுத்து, "கொச்சிக்கடைக்குப் போய் ஒண்டு ஒண்டா எரிஞ்சு முடியுமட்டும் இருந்து மண்டாடும், பிள்ளை. நான் ஸ்டேசனுக்குப் போய்ப் பாக்கிறன்" என்றேன். "சரிங்க மிஸ்" என்று தலையை ஆட்டினாள். என் கெட்டித்தனத்தை நானே மெச்சிக்கொண்டு பஸ் ஏறினேன்.

ஆற்றங்கரையில் திருவிழாக் கூட்டம். மணல் லொறிக்காரர்கள், துணி துவைக்க வந்த பெண்கள், பாலத்துக்குமேல் காவல் பெடியன்கள் எல்லாரும் வரிசையாக நின்று பார்த்தார்கள். கரையோரம் நாற்காலி போட்டுப் பொறுப்பதிகாரி உட்கார்ந்து, கைக்கடிகாரத்தைக் கழற்றி உள்ளங்கையில் வைத்துக்கொண்டார். பலீல் நானா வள்ளத்தை நடு ஆற்றில் நிறுத்தி மூங்கிலை ஊன்றினார். இருளப்பனின் கைவிலங்கைக் கழற்றினார்கள். அவன் காதுக்கு எண்ணெய் விட்டு, பஞ்சு அடைத்து, ஒரு காலைத் தண்ணீரில் வைத்தான்.

அப்போதுதான் அவன் முகம் செத்துப்போனது. நான் திரும்பிப் பார்த்தேன். ஐந்து மெழுகுதிரியும் கையில் இருந்தபடியே ஆறாயி கரையில் இறங்கி வந்துகொண்டிருந்தாள். என் பின்னாலேயே அடுத்த பஸ்ஸில் ஏறியிருக்கிறாள்.

இருளப்பன் காலை வெளியே எடுத்துவிட்டான்.

"சேர், எனக்கு முங்கத் தெரியாதுங்க. நான் வள்ளந்தான் ஓட்டுறது."

தமிழ் தெரிந்த கான்ஸ்டபிள் அதைச் சொன்னதும் பொறுப்பதிகாரி எழுந்தார். "நேரத்தை வீணாக்கியது போதும், ஜீப்பில் ஏற்று" என்றார். நான் "ஐயோ, பொறுங்கோ" என்று சிங்களமும் தமிழும் கலந்து கத்துகிறேன். கைவிலங்கு மறுபடி வெளியே வந்துவிட்டது.

ஆறாயி நேரே அவன் முன்னால் போய் நின்றாள்.

"என்னாங்க இது? சேர் முங்கச் சொல்றாரு, முங்குங்க."

"எனக்குத் தெரியாது ஆறாயி, நான் வள்ளம்..."

"வள்ளமாம் வள்ளம்! எட்டு வருசமா ஒங்க தலகாணி ஒறைய ஒதறி ஒதறி மண்ணு கொட்டுறேன். வள்ளம் ஓட்டுறவனுக்குக் காதுக்குள்ளேருந்து மண்ணு கொட்டுமா? போங்க. போயி முங்கிட்டு வாங்க. நான் இங்கதான் நிக்கிறேன்."

தமிழ் விளங்கியவர்கள் எல்லாரும் கொல்லென்று சிரித்தார்கள். கான்ஸ்டபிள் சிங்களத்தில் சொன்னதும் மற்றவர்களும் சிரித்தார்கள். கொச்சிக்கடையில் அன்று அவள் முந்தானைக்குள் அழவில்லை, சிரித்தாள் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. அந்த முதுகை நான் என்ன பாடுபட்டுத் தடவினேன்! இருளப்பன் மட்டும் சிரிக்கவில்லை. வாயைத் திறந்தபடி அவளையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு வள்ளம் வரை நீந்திப் போய், மூங்கிலைப் பிடித்து, வாளியோடு உள்ளே போய்விட்டான்.

பொறுப்பதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். ஒரு நிமிடம். ஒன்றரை. ஒரு நிமிடமும் ஐம்பது விநாடியும் ஆனபோது ஒரு தட்டு. பலீல் நானா கயிற்றை இழுத்தார். இருளப்பனும் வாளியும் ஒன்றாக மேலே வந்தார்கள். வாளி நிறைய மணல்! கரை முழுக்கக் கைதட்டியது. பொறுப்பதிகாரியும் எழுந்து, கொண்டு வா என்று கையைக் காட்டினார்.

இருளப்பன் வள்ளத்தில் ஏறி, வாளியை இரண்டு கையாலும் தூக்கினான். கண்ணில் ஒற்றிக்கொண்டான். அப்படியே ஆற்றுக்குள் கவிழ்த்துக் கொட்டிவிட்டான்.

"ஏய்! அது என்னுடைய சாட்சியடா!" என்று பொறுப்பதிகாரி போட்ட சத்தத்தில் அவருடைய தடிமனே கலைந்திருக்கும்.

பலீல் நானா தலையில் அடித்துக்கொண்டார். "மாத்தயா, மன்னிச்சிக்கொங்க! மொத வாளி ஆத்துக்கு. எல்லா மணல்காரனும் அப்புடித்தான். இவன் பழக்கத்தில கொட்டிட்டான்!"

அது களனி மணல்காரர்களின் வழக்கமாம். நாளின் முதல் வாளியை ஆற்றுக்கே திருப்பிக் கொடுத்துவிட்டுத்தான் அடுத்ததை எடுப்பார்கள், சிங்களவரோ தமிழரோ முஸ்லிமோ எல்லாரும். உயிரே ஊசலாடும் நேரத்திலும் இந்த மனுசன் ஆற்றுக்குக் கணக்குத் தீர்த்திருக்கிறான்! அடிக்கவும் தோன்றியது, கும்பிடவும் தோன்றியது.

"இன்னொரு தரம்," என்றார் பொறுப்பதிகாரி.

இரண்டாம் தரம் அவன் போனபோது யாரும் சிரிக்கவில்லை. ஒரு நிமிடம். ஒன்றரை. இரண்டு. பலீல் நானா மூங்கிலில் உள்ளங்கையை வைத்தபடி உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றார். தட்டு வரவில்லை. இரண்டே கால். நான் அருள் நிறைந்த மரியே செபத்தை ஆரம்பித்து, பாதியில் மறந்து, மறுபடி ஆரம்பித்தேன். ஆறாயி சேலையோடு ஆற்றுக்குள் இறங்கி இடுப்பளவு தண்ணீரில் நின்றாள். தலையணையில் மண்ணைத் தட்டியவள்தான், ஆனால் அவன் எவ்வளவு நேரம் உள்ளே இருப்பான் என்று அவள் ஒருநாளும் கண்டதில்லை. இப்போது கண்டாள். அவள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

மூங்கில் ஆடியது. ஒன்று. இரண்டு. மூன்று.

பலீல் நானா "யா அல்லாஹ்" என்று மூங்கிலைக் கட்டிப்பிடித்து முழுப் பலத்தோடும் தூக்கினார். பக்கத்து வள்ளத்துக்காரர்கள் இரண்டு பேர் பாய்ந்து வந்து கைகொடுத்தார்கள். முதலில் ஒரு கை வந்தது. அந்தக் கையில் வாளி. பிறகு தலை வந்தது. காதோரம் இரத்தம் வழிந்தது. கரைக்கு வந்து மணல் வாளியைப் பொறுப்பதிகாரியின் சப்பாத்துக்கு முன்னால் வைத்துவிட்டு மூச்சு வாங்க உட்கார்ந்தான்.

"மேல் மண்ணக் கொண்டாந்தா நம்ப மாட்டாரோன்னு பள்ளத்துக்குள்ள போயிட்டேன் மிஸ்," என்று என்னைப் பார்த்து இளித்தான். "ஓரம் சரிஞ்சி முழங்கால் வரைக்கும் புடிச்சிக்கிச்சி."

பொறுப்பதிகாரி ஒரு பிடி மணலை அள்ளி விரலால் நெருடிப் பார்த்தார். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினார்.

"எத்தனை வருடம் இப்படி?"

"எட்டு வருசம் மாத்தயா."

"மூன்று நாளாக ஏன் பொய் சொன்னாய்?"

இருளப்பன் ஆறாயியைக் காட்டினான். இடுப்புவரை நனைந்து, மெழுகுதிரிகளை நெஞ்சோடு அணைத்தபடி, அவள் அவனை முறைத்துக்கொண்டு நின்றாள். பொறுப்பதிகாரி அவளை ஒரு தரம் பார்த்தார்.

"சரி, சரி. எனக்கும் வீட்டில் ஒருத்தி இருக்கிறாள்," என்றார்.

விட்டுவிட்டார்கள். பாலத்துக்கு இருநூறு யார் தூரம் தள்ளித்தான் இனி முங்கலாம் என்று ஒரு கட்டளை. எனக்கு ஒரு தனி அர்ச்சனையும் நடந்தது. பொய்யான தொழிலை எழுதிக் கையெழுத்து வைத்ததற்காகப் புதுப் படிவத்தை அங்கேயே, நாற்காலியை மேசையாக வைத்து, கையால் எழுதவைத்தார். தொழில்: ஆற்று மணல் முங்கி எடுத்தல். என் வாழ்க்கையிலே நான் இவ்வளவு கோணலாக எழுதியது கிடையாது.

பஸ்ஸில் இருளப்பன் பின் சீட்டில் உட்கார்ந்த உடனேயே தூங்கிவிட்டான். மூன்று நாள் தூக்கம். ஆறாயி என் பக்கத்தில் ஈரச்சேலையோடு இருந்தாள். எனக்குக் கேட்காமல் இருக்கமுடியவில்லை.

"பிள்ளை, தெரிஞ்சிருந்தும் எட்டு வருசம் ஏன் வாயத் திறக்கேல்லை? அவன் உனக்குப் பயந்து கம்பிக்குள்ள இருந்தவன்."

அவள் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"தெரியும்னு சொல்லிட்டா தடுக்கணும் மிஸ். தடுக்காட்டி நான் என்ன பொண்டாட்டி? தடுத்துட்டா அடுப்பு எரியணுமே. எங்களுக்கு வேற என்ன வேல தருவாங்க? அதான் தெரியாதவளாவே இருந்துட்டேன்."

பிறகு அவள் அழுதாள். சத்தமில்லாமல், வத்தளைச் சந்தியிலிருந்து கொட்டாஞ்சேனை வரும்வரை அழுதாள். அவள் முதுகில் கைவைக்க எனக்கு இப்போது பயமாக இருந்தது. ஆனாலும் வைத்தேன்.

காதுக்கு மருந்து போட்டு இருளப்பன் ஒரு கிழமை வீட்டில் இருந்தான். அந்த ஒரு கிழமையும் இரண்டு பேரும் குசினிக்குள் சண்டை பிடித்தார்கள், சிரித்தார்கள், மறுபடி சண்டை பிடித்தார்கள். காது கேளாத மனுசனோடு சண்டை பிடித்தால் ஒழுங்கை முழுக்கக் கேட்கும். அடுத்த திங்கட்கிழமை காலை ஆறு மணிக்கு அவன் சோற்றுப் பார்சலோடு வேலைக்குப் புறப்பட்டான். வேறு வேலை வந்திருக்கவில்லை. நான் கேற்றைத் திறந்துவிட்டேன். முன்னெல்லாம் அவன் போகும்போது ஆறாயி குசினியை விட்டு வெளியே வரமாட்டாள். அன்று வாசலுக்கு வந்தாள். அவனுக்குக் கேட்கவேண்டும் என்று வலது பக்கமாகப் போய் நின்று, பக்கத்து வீட்டுக்காரர்களும் பால்காரனும் திரும்பிப் பார்க்கும்படி தொண்டை கிழியக் கத்தினாள்.

"பாத்து முங்குங்க! சரியிற எடத்துல நிக்காதீங்க! வாளி போனா போகுது, நீங்க மேல வந்துருங்க!"

அவன் நின்று, திரும்பி, "வந்துர்றேன் ஆறாயி" என்றான். அவன் ஒழுங்கை திரும்பி மறைந்தபிறகும் அவள் வாசலிலேயே நின்றாள்.